தள்ளினாரா, தவறி விழுந்தாரா: மலை நாடகம் எழுதுவோருக்கு

ஆசிரியருக்கு வணக்கம்.

நீதிமன்ற நாடகங்களைப் பற்றி உங்கள் ஞாயிறு இணைப்பில் வாசகர்கள் எழுதிவரும் கடிதங்களைத் தொடர்ந்து படிக்கிறோம். தேயிலைத் தோட்டத்தில் நடக்கும் ஒரு மரணத்தை வைத்துக் கல்லூரி மேடைக்கு நாடகம் எழுதுவதாகவும், எதிரி, அதாவது குற்றம் சாட்டப்பட்டவர், குற்றவாளியா இல்லையா என்பது பார்ப்பவர்களுக்குக் கடைசிவரை தெரியக் கூடாது என்றும் கோத்தகிரிப் பக்கத்து மாணவர்கள் எழுதியிருந்தார்கள். நல்ல ஆசை. அவர்களுக்காகவும், அதே வேலையில் இருக்கும் மற்றவர்களுக்காகவும் இதை எழுதுகிறோம்.

முதலில் தூக்கிப் போட வேண்டியவற்றைச் சொல்லிவிடுகிறோம். நம் நீதிபதிகள் சுத்தியல் தட்டுவதில்லை. சாட்சி கீதையின் மேலோ பைபிளின் மேலோ கை வைப்பதில்லை. 1969-ஆம் ஆண்டு உறுதிமொழிச் சட்டப்படி கடவுள் பெயராலோ உளமாரவோ உறுதி சொன்னால் போதும். குற்ற வழக்கில் ஜூரி, அதாவது முடிவு சொல்லும் பொதுமக்கள் குழு, கிடையாது. 1959-ல் பம்பாயில் கடற்படை அதிகாரி நானாவதியை 8-க்கு 1 என்ற கணக்கில் ஜூரி விடுவித்ததும், உயர் நீதிமன்றம் அதை மாற்றி ஆயுள் தண்டனை தந்ததும் பலருக்கும் தெரிந்த கதை. 1973-ஆம் ஆண்டுக் குற்ற விசாரணை முறைச் சட்டத்தில் ஜூரிக்கு இடமே இல்லை. கூண்டில் நிற்பவர் கடைசிக் காட்சியில் உடைந்து அழுது உண்மையைக் கக்குவதும் வேண்டாம். சாட்சிகள் எல்லோரும் முடிந்த பிறகு நீதிபதி அவரிடம் கேள்வி கேட்பார். அப்போது அவருக்குச் சத்தியப் பிரமாணம் இல்லை, வாய் திறக்காமல் இருக்கவும் உரிமை உண்டு. பெரும்பாலான வழக்குகளில் அந்தக் கட்டம் 'பொய் சாட்சி' என்ற இரண்டு சொற்களில் முடிந்துவிடும்.

இனி விஷயத்துக்கு வருவோம். சந்தேகத்தை 'செய்தாரா, செய்யவில்லையா' என்ற ஒரே கேள்வியில் வைத்தால் நாடகம் அரை மணி நேரத்துக்கு மேல் தாங்காது. கொலையாகாத மரண வழக்கில் சந்தேகம் படிப்படியாக இறங்கும். ஒரு சூழலை எடுத்துக்கொள்வோம். குன்னூர் பக்கம் ஒரு தோட்டம், மாலை இலை எடை போடும் இடம். ஈர இலைக்குக் கழித்த 4 கிலோவைப் பற்றி இரண்டு பேருக்குள் வாய்த் தகராறு. ஒருவர் மற்றவரின் நெஞ்சில் கை வைக்கிறார். மற்றவர் பின்னால் போய், கல் தடுப்புச் சுவரின் விளிம்பைத் தாண்டிக் கீழே இருக்கும் பாதையில் தலை அடிபட விழுகிறார். மூன்றாம் நாள் கோயம்புத்தூரில் இறந்துபோகிறார்.

இதற்கு எத்தனை விடைகள் இருக்கின்றன என்று பாருங்கள். சாகடிக்க நினைத்தே தள்ளினார் என்றால் புதிய தண்டனைச் சட்டமான பாரதிய நியாய சன்ஹிதாவின் 103-ஆம் பிரிவு, கொலை. திடீர்ச் சண்டையில் முன்யோசனை இல்லாமல் அப்படிச் செய்தார் என்றால் கொலை என்ற பெயர் போய், 105-இன் முதல் பகுதி: ஆயுள், அல்லது 5 முதல் 10 ஆண்டுகள். சாகடிக்கும் எண்ணம் இல்லை, ஆனால் இந்த இடத்தில் தள்ளினால் ஆள் செத்துப்போகக்கூடும் என்று தெரிந்தே தள்ளினார் என்றால் 105-இன் இரண்டாம் பகுதி, 10 ஆண்டு வரை. அந்த அறிவும் இருந்ததாக மெய்ப்பிக்க முடியவில்லை, கோபத்தில் ஒரு தள்ளு, அவ்வளவுதான் என்றால் 115(2), சாதாரணக் காயம், அதிகபட்சம் ஓராண்டு. நெஞ்சில் கை வைத்ததே தன்மேல் பாய்ந்து வந்தவரை விலக்கத்தான் என்றால் தற்காப்பு. கை படவே இல்லை, பாசியில் கால் வழுக்கியது என்றால் குற்றமே இல்லை. மேடையில் நடப்பது ஒரே அசைவு. அதற்குக் கீழே ஆறு தளங்கள். பார்ப்பவர் எந்தத் தளத்தில் நிற்கிறோம் என்று தடுமாற வேண்டும். அந்தத் தடுமாற்றம்தான் இந்த வகை வழக்கின் உயிர்.

கதை நடக்கும் தேதியையும் முடிவு செய்துகொள்ளுங்கள். 2024 ஜூலை 1-க்கு முன் நடந்த சம்பவம் என்றால் பழைய இந்தியத் தண்டனைச் சட்டம்தான்: 302, 304, 323. இன்றும் விசாரணையில் இருக்கும் பல வழக்குகள் அந்தப் பழைய எண்களில்தான் நடக்கின்றன.

சந்தேகம் பிறக்கும் முதல் காகிதம் எது என்று கேட்டால், முதல் தகவல் அறிக்கை என்று எல்லோரும் சொல்வார்கள். அதற்கும் முந்தியது ஒன்று உண்டு: அரசு மருத்துவமனையின் விபத்துப் பதிவேடு. காயம்பட்டவரைக் கொண்டுவந்ததும் பணியில் இருக்கும் மருத்துவர் எழுதும் நாலு வரி. யார் அழைத்து வந்தது, எத்தனை மணிக்கு, எங்கே, எப்படி அடிபட்டதாகச் சொன்னார்கள், சுயநினைவு இருந்ததா, மது வாடை இருந்ததா. அதில் 'தெரிந்த ஒரு நபர் தள்ளியதில்' என்று இருந்தால் வழக்கு ஒரு பக்கம் சாயும். 'தோட்டத்தில் வழுக்கி விழுந்ததாக' என்று இருந்தால் மறுபக்கம். நாடகத்தில் இரண்டாவதை வையுங்கள். ஏனென்றால் அந்த வரிக்கு இரண்டு பொருள் உண்டு. அது நடந்த உண்மையாக இருக்கலாம். அல்லது, போலீஸ் கேஸ் என்றால் வேலை கெடும், லைன் வீட்டில் அடுத்தடுத்து இருக்கிறவர்களுக்குள் பகை வரும் என்று அழைத்து வந்தவர் சொன்ன பொய்யாக இருக்கலாம். அந்த மருத்துவரைக் கூண்டில் ஏற்றினால் அவர் சொல்லக்கூடியது 'என்னிடம் சொன்னதை எழுதினேன்' என்பது மட்டுமே. சொன்னவர் யார் என்ற பத்தியில் 'உடன் வந்தவர்' என்று மட்டும் எழுதியிருந்தால், அந்த வரியைச் சொன்ன வாய் யாருடையது என்பது என்றைக்கும் தெரியாது.

அடுத்த ஓட்டை காலதாமதம். முதல் நாள் அது வெறும் காய வழக்கு. யாரும் அந்த இடத்தைக் காவல் காக்க மாட்டார்கள். மறுநாள் காலையிலிருந்தே நாற்பது ஐம்பது பேர் அதே இடத்தில் நின்று இலை நிறுப்பார்கள், மூட்டை இழுப்பார்கள். இரவில் மழை பெய்திருக்கும். மூன்றாம் நாள் கோவை அரசு மருத்துவமனையிலிருந்து இறப்புத் தகவல் வந்த பிறகுதான் ஆய்வாளர் பிரிவை மாற்றி நீதித்துறை நடுவருக்கு அறிக்கை அனுப்பி, பார்வை மகஜர், அதாவது சம்பவ இடத்தைப் பார்த்து எழுதும் குறிப்பு, எழுத வருகிறார். அதற்குள் பாசியில் இருந்த வழுக்கல் தடம் போய்விட்டது. இரத்தம் போய்விட்டது. கிராம நிர்வாக அலுவலரும் உதவியாளரும் மகஜரில் கையெழுத்துப் போடுவார்கள். அவர்கள் பார்த்தது மூன்று நாள் பழைய இடத்தை. புதிய நடைமுறைச் சட்டமான பாரதிய நாகரிக் சுரக்‌ஷா சன்ஹிதா, 7 ஆண்டோ அதற்கு மேலோ தண்டனை உள்ள குற்றங்களில் தடயவியல் வல்லுநர் இடத்துக்கு வந்து வீடியோ எடுக்க வேண்டும் என்கிறது. முதல் நாளில் இது அந்த வகைக் குற்றமாகவே பதிவாகவில்லை என்றால் அந்த விதியால் என்ன பயன்? இந்தக் கேள்வியை எதிரி தரப்பு வழக்கறிஞர் ஆய்வாளரிடம் பொறுமையாகக் கேட்கும் காட்சி ஒன்று அவசியம் வேண்டும்.

மலை வழக்கில் இடம்தான் முதல் சாட்சி. சமதளத்தில் ஒரு தள்ளு என்றால் யாருக்கும் மரணம் நினைவுக்கு வராது. அதே தள்ளு சுவர் விளிம்பிலிருந்து இரண்டடி தள்ளி நடந்தால், 'ஆள் சாகக்கூடும் என்று தெரியும்' என்ற அறிவு அங்கே வந்து உட்கார்ந்துவிடுகிறது. 105-க்கும் 115-க்கும் இடையே உள்ள தூரம் சட்டப் புத்தகத்தில் இல்லை, அந்த இரண்டடியில் இருக்கிறது. ஆனால் நம் மகஜர்களில் 'தடுப்புச் சுவருக்கு அருகில்' என்றுதான் இருக்கும். மாதிரி வரைபடத்தில் வடக்கு தெற்கு போட்டு, பாதை, சுவர், எடைக் கொட்டகை என்று கோடு இழுத்திருப்பார்கள். உயரம் இருக்காது, சரிவு இருக்காது. வரைபடம் என்பது மேலிருந்து பார்ப்பது. மலையை மேலிருந்து பார்த்தால் மலை தெரியாது.

சரிவை அளக்கப் பெரிய கருவி வேண்டியதில்லை. ஒரு மீட்டர் நீளச் சட்டம், ரசமட்டம், டேப் போதும். சட்டத்தைக் கிடைமட்டமாகப் பிடித்து, அதன் நுனியிலிருந்து தரைக்கு எத்தனை சென்டிமீட்டர் என்று பாருங்கள். 58 வந்தால் சரிவு ஏறத்தாழ 30 பாகை. சுவரின் உயரம், எதிரி நின்ற இடத்திலிருந்து விளிம்புக்கு உள்ள தூரம், கீழே ஆள் கிடந்த இடத்துக்கும் சுவரின் அடிக்கும் உள்ள தூரம் ஆகிய மூன்றும் வேண்டும். மூன்றாவது அளவு மிக முக்கியம். 1.2 மீட்டர் சுவரிலிருந்து விழ ஏறத்தாழ அரை நொடி ஆகும். மெதுவாக நடக்கும் வேகத்தில், அதாவது நொடிக்கு ஒரு மீட்டர் வேகத்தில் பின்னால் போனவர் சுவரின் அடியிலிருந்து தோராயமாக அரை மீட்டர் தள்ளி விழுவார். நின்ற இடத்திலேயே கால் வழுக்கியவர் சுவரை ஒட்டி விழுவார். பலமாகத் தள்ளப்பட்டவர் இன்னும் தள்ளிப் போவார். அப்படியானால் அளந்தால் உண்மை தெரிந்துவிடுமா? தெரியாது. தள்ளு வரும் என்று பயந்து தானே இரண்டு எட்டு பின்வாங்கியவருக்கும் அந்த வேகம் வரும். இந்த அளவு இருந்தால் சந்தேகம் கூர்மையாகும். இல்லாவிட்டால் மொண்ணையாக இருக்கும். கூர்மையான சந்தேகமே மேடைக்கு நல்லது.

மூடுபனியையும் வெளிச்சத்தையும் மறக்காதீர்கள். 15 மீட்டர் தள்ளி நின்று பார்த்ததாகச் சொல்லும் சாட்சிக்கு அன்று மாலை அவ்வளவு தூரம் தெரிந்ததா என்பதற்கு மகஜரில் ஒரு வரியாவது இருக்க வேண்டும். கொட்டகையில் எரிந்த விளக்கைப் பற்றி எழுதாமல் விட்ட மகஜர் பல நேரில் கண்ட சாட்சிகளைக் கவிழ்த்திருக்கிறது.

மருத்துவ சாட்சியத்தைக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும். நாடகங்களில் மருத்துவர் வந்து 'இது கொலைதான்' என்று சொல்லிவிட்டுப் போகிறார். அப்படி ஒரு மருத்துவர் சொல்ல மாட்டார். நிலையாக இருக்கும் தலையைத் தடியால் அடித்தால் அடிபட்ட இடத்துக்கு நேர் கீழே மூளை நசுங்கும். நகர்ந்துவரும் தலை தரையில் மோதினால் மோதிய பக்கத்துக்கு எதிர்ப் பக்கத்தில் நசுங்கும். பின்மண்டை தரையில் பட்டால் காயம் நெற்றிப் பக்க மூளையில் தெரியும். நம் நாடகத்தில் அப்படித்தான் இருக்கும். ஆகவே விழுந்தார் என்பது உறுதி, கட்டையால் அடித்தார் என்ற கதை பொய். ஆனால் ஏன் விழுந்தார் என்பதை மூளை சொல்லாது. நெஞ்சில் உள்ளங்கையால் தள்ளினால், அதுவும் ஸ்வெட்டருக்கு மேல், தோலில் தடம் இருப்பது அபூர்வம். கைகளில் சிராய்ப்பு இருந்தால் விழும்போது ஊன்றப் பார்த்திருக்கிறார் என்று ஊகிக்கலாம். அதுவும் தள்ளப்பட்டவருக்கும் பொருந்தும், வழுக்கியவருக்கும் பொருந்தும். குறுக்கு விசாரணையில் வரும் கேள்வி எப்போதும் ஒன்றுதான்: 'கரடுமுரடான கல் தரையில் தவறி விழுந்தாலும் இக்காயம் ஏற்படலாம் என்றால் சரிதானா?' பதில்: 'சரிதான்.' பார்வையாளர்கள் மூச்சை இழுத்துக்கொள்ள வேண்டிய இடம் இது. அந்தப் பதிலைத் தட்டச்சு செய்யும் ஓசை தவிர மேடையில் வேறு ஓசை வேண்டாம்.

இங்கே இன்னும் இரண்டு பிசகுகள் நடக்கும். கோவையில் உயிர் காக்க மண்டையோட்டைத் திறந்து அறுவை செய்திருப்பார்கள். பிரேதப் பரிசோதனை செய்பவர் பார்ப்பது அறுவைக்குப் பிந்திய தலையை. அறுவை செய்த மருத்துவரையும் சிடி ஸ்கேன் படத்தையும் அரசுத் தரப்பு நீதிமன்றத்துக்குக் கொண்டுவராவிட்டால் முதல் எலும்பு முறிவு எப்படி இருந்தது என்பது யாருக்கும் தெரியாது. இன்னொன்று மது. இறந்தவர் குடித்திருந்தார், நிதானமின்றி விழுந்தார் என்பது எதிரியின் வாதம். மூன்று நாள் மருத்துவமனையில் கிடந்தவரின் இரத்தத்தை எடுத்து ஆய்வுக்கு அனுப்பி 'மது இல்லை' என்று அறிக்கை வாங்குவார்கள். அதற்கு மதிப்பே இல்லை. குடித்த மது ஒரு நாளுக்குள் உடலை விட்டுப் போய்விடும். முதல் இரவு குன்னூரில் எடுத்திருந்தால் மட்டுமே பயன். ஆக மிஞ்சுவது அந்த விபத்துப் பதிவேட்டின் வரிதான். அதில் மது வாடை என்ற இடத்தை வெறுமையாக விட்டிருக்கிறார்கள் என்று எழுதுங்கள்.

மலைப் பாதையில் கோவைக்குக் கொண்டுபோகத் தாமதமானதால்தான் இறந்தார் என்று எதிரி தரப்பு வாதாட நினைத்தால் அது எடுபடாது. நல்ல சிகிச்சை கிடைத்திருந்தால் பிழைத்திருப்பார் என்றாலும் காயப்படுத்தியவரே மரணத்துக்குக் காரணம் என்று நியாய சன்ஹிதாவின் 100-ஆம் பிரிவின் இரண்டாம் விளக்கம் சொல்கிறது. ஏற்கெனவே நோயாளி என்ற வாதத்தையும் முதல் விளக்கம் அடைத்துவிடுகிறது. இந்த இரண்டும் 1860-ஆம் ஆண்டுச் சட்டத்திலேயே இருந்தவை. இருந்தும் 1876-ல் ஆக்ராவில் தன் குதிரைக்காரரை அடித்த ஆங்கிலேய வழக்கறிஞருக்கு, மண்ணீரல் வெடித்து அந்த ஏழை இறந்த பிறகும், 30 ரூபாய் அபராதம்தான் போட்டார்கள். வைஸ்ராய் லிட்டனே அதைக் கண்டித்து எழுதினார். 'தெரியாது' என்ற சொல் யார் வாயில் வந்தால் நம்பப்படுகிறது என்பதையும் நாடகம் தொட்டால் நல்லது. துரைமார்கள் ஆண்ட மலை இது.

எண்ணத்துக்கும் செயலுக்கும் உள்ள இடைவெளியைப் புரிந்துகொள்ளச் சென்னை உயர் நீதிமன்ற முழு அமர்வு 1919-ல் தீர்த்த பழனிக் கவுண்டன் வழக்கை மாணவர்கள் படிக்க வேண்டும். கலப்பைக் கொழுவால் மனைவியின் தலையில் அடிக்கிறார். அவள் மயங்கி விழுகிறாள். செத்துவிட்டாள் என்று நம்பி, தற்கொலைபோலக் காட்ட உத்தரத்தில் தொங்கவிடுகிறார். அவள் உயிர் போனது தொங்கவிட்டதில். அடித்தபோது கொல்லும் எண்ணம் இல்லை; தொங்கவிட்டபோது உயிருள்ள ஆளை அவர் மனம் அறியவில்லை. கொலையும் இல்லை, கொலையாகாத மரணக் குற்றமும் இல்லை என்று முழு அமர்வு முடிவு செய்தது. கேட்பவர் மனம் ஒப்பாது. சட்டம் அந்த இடத்தில்தான் நிற்கிறது.

இனி மொழி. நீலகிரியில் ஒரே வழக்கில் படுகர் மொழியும் மலையாளமும் கன்னடமும் பேசுகிற சாட்சிகள் வரலாம். இந்தியாவும் இலங்கையும் செய்துகொண்ட சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தத்தில் வந்தவர்களின் இலங்கை மலையகத் தமிழும் வரும். சாட்சி பேசுவதை நீதிபதி கேட்டு, தானே வாக்கியமாக்கிச் சொல்ல, அதைத் தட்டச்சர் பதிவு செய்வார். 'புடிச்சித் தள்ளுனாரு', 'வெலக்கி வுட்டாரு', 'கை பட்டுச்சு' ஆகிய மூன்றும் பதிவில் 'எதிரி இறந்தவரைத் தள்ளினார்' என்று ஒரே வாக்கியமாகிவிடக்கூடிய ஆபத்து உண்டு. 'விலக்கிவிட்டார்' என்று பதிவானால் எதிரிக்குத் தற்காப்பு. 'தள்ளினார்' என்று பதிவானால் சிறை. எதிரி தரப்பு வழக்கறிஞர் எழுந்து 'சாட்சி சொன்ன சொல்லையே பதிவு செய்யுங்கள்' என்று கேட்கும் காட்சியை எழுதுங்கள். கத்தல் வேண்டாம், தாழ்ந்த குரலில் கேட்கட்டும்.

அதோடு சேர்ந்தது காவல் நிலையத்தில் எழுதிய வாக்குமூலம். இலை பறிக்கும் அம்மா 'கொலை செய்யும் தீய எண்ணத்துடன்' என்று சொல்லியிருக்க மாட்டார். அது எழுத்தரின் நடை. அவர் சாட்சிக் கூண்டில் புதிதாக ஒன்றைச் சொன்னால், 'இதைப் போலீசாரிடம் சொல்லவில்லை என்றால் சரியா' என்று முதலில் அவரிடமே கேட்க வேண்டும். பிறகு ஆய்வாளர் கூண்டேறும்போது அவரிடம் கேட்டு உறுதிசெய்ய வேண்டும். முதல் படியை விட்டுவிட்டு நேரே ஆய்வாளரிடம் போனால் முரண் நிரூபணம் ஆகாது. சாட்சிகளின் வரிசையும் இதையொட்டியதுதான்: புகார்தாரர், நேரில் கண்டவர்கள், மகஜர் சாட்சிகள், மருத்துவர்கள், கடைசியில் ஆய்வாளர். வரிசையை மாற்றாதீர்கள். மேடைக்கு ஆறு சாட்சிகள் போதும்.

கதையின் உச்சத்துக்கு ஒரு வழி சொல்கிறோம். பாரதிய நாகரிக் சுரக்‌ஷா சன்ஹிதாவின் 347-ஆம் பிரிவு, இரு தரப்புக்கும் அறிவித்துவிட்டு நீதிபதியே சம்பவ இடத்தைப் போய்ப் பார்க்கலாம் என்கிறது. பார்த்ததைத் தாமதமின்றிக் குறிப்பாக எழுதிக் கோப்பில் சேர்க்க வேண்டும். உதகமண்டலம் அமர்வு நீதிமன்றத்திலிருந்து நீதிபதி அந்தச் சுவருக்கு வருகிறார். பனி இறங்குகிறது. சுவரைப் புதிதாகச் சிமென்ட் பூசி, கம்பி வேலியும் போட்டிருக்கிறார்கள். தான் கண்ட சாட்சியாக அவர் மாற முடியாது. மற்றவர் சொன்ன சாட்சியத்தைப் புரிந்துகொள்ள மட்டுமே அந்தப் பார்வை உதவும். அவர் விளிம்பில் நின்று கீழே பார்க்கிறார், பேசுவதில்லை.

தீர்ப்பைச் சொல்லாமல் திரையை இறக்கிவிடலாம் என்று மாணவர்கள் எழுதியிருந்தார்கள். அதை மட்டும் செய்யாதீர்கள் என்று கேட்டுக்கொள்கிறோம். 'எனக்குத் தெரியவில்லை' என்று எழுதிவிட்டு எழுந்து போக நீதிபதிக்கு உரிமை இல்லை. தெரியாத நிலையிலும் அவர் ஒரு முடிவை எழுதியாக வேண்டும். அதுதான் அந்த இருக்கையின் பாரம். இரண்டு முடிவுகளுக்கு இடமிருந்தால் எதிரிக்குச் சாதகமானதை எடுக்க வேண்டும் என்று 1973-ல் உச்ச நீதிமன்றம் காளிராம் வழக்கில் சொன்னது. அதே ஆண்டில் பொபடே வழக்கில், சந்தேகத்தை ஊதிப் பெருக்கிக் குற்றவாளிகளை விட்டுவிடக் கூடாது என்றும் எச்சரித்தது. இரண்டு தீர்ப்புகளும் நம் நீதிபதியின் மேசையில் இருக்கட்டும்.

அவர் இப்படி எழுதலாம்: தள்ளியது மெய்ப்பிக்கப்பட்டது, விளிம்புக்கு எவ்வளவு அருகில் என்பது மெய்ப்பிக்கப்படவில்லை, ஆகவே மரணம் நேரும் என்ற அறிவும் மெய்ப்பிக்கப்படவில்லை. 105-இலிருந்து விடுதலை. தனியாகக் குற்றச்சாட்டு வனையாவிட்டாலும் சிறிய குற்றத்துக்குத் தண்டிக்க நடைமுறைச் சட்டத்தின் 245-ஆம் பிரிவு இடம் தருவதால், 115(2)-இன்படி மூன்று மாதம். விசாரணைக் கைதியாகச் சிறையில் இருந்த நாட்களைக் கழித்தால் மிச்சம் எதுவும் இல்லை. எதிரி அன்றே வீட்டுக்குப் போகிறார்.

இறந்தவரின் மனைவிக்கு மேல்முறையீட்டு உரிமை உண்டு. எதிரியைச் சிறிய குற்றத்துக்கு மட்டும் தண்டித்தாலும் நடைமுறைச் சட்டத்தின் 413-ஆம் பிரிவின்படி அவர் உயர் நீதிமன்றம் போகலாம். கூடம் காலியான பிறகு அவர் பெஞ்ச் கிளார்க்கிடம் வந்து, தீர்ப்பின் நகல் வாங்க எங்கே மனுப் போட வேண்டும், சென்னைக்கு எந்தப் பஸ் ஏற வேண்டும் என்று கேட்கட்டும். கிளார்க் மனுவை எழுதித் தரட்டும். நாடகத்தை அங்கே முடிக்கலாம்.

இப்படிக்கு,
நீலகிரி மாவட்ட நீதிமன்றங்களில் குற்ற வழக்குகள் நடத்தும் வழக்கறிஞர்கள் சிலர்,
உதகமண்டலம்.